கடல் கடந்த கணித மேதை

நெடுந்தீவின் தென்மேற்குக் கரையில் நின்று நோக்குபவனுக்கு அக்கரை என்பது இராமேஸ்வரம். இடையே கிடப்பது பாக்கு நீரிணை. ஊர்காவற்றுறைத் துறையிலிருந்து பாய்க்கப்பல்கள் இந்தியக் கரைக்கு ஓடிய காலமும் ஒன்றிருந்தது. இன்றும் நெடுந்தீவாரும் நயினாதீவாரும் உப்புக்கும் புளிக்கும் ஓலைப்பாய்க்கும் ஒரு கடிதத்துக்குங்கூடக் குறிகட்டுவான் துறையைப் பார்த்திருப்பவர்கள். கடல் கடப்பதிலே பாவம் உண்டு என்று தீவகத்துப் பிள்ளை ஒன்றுக்குச் சொன்னால் அது சிரிக்கும். ஆனால் ஒரு நூற்றாண்டுக்குச் சற்று முன்னே, அக்கரையிலே, தமிழ்நாடு பெற்ற மிகப் பெரிய கணித மேதையின் வாழ்வும் சாவும் இந்தக் கடல் கடத்தல் என்ற ஒன்றைச் சுற்றியே அமைந்தன. அவர் கழிக்க வேண்டியிருந்த பரிகாரத்துக்கு இடமாகக் குறிக்கப்பட்டதும் இராமேஸ்வரமே. அங்கே அவர் போய்ச் சேரவில்லை.

சீனிவாச இராமானுஜன் 1887ஆம் ஆண்டு டிசம்பர் 22ஆந் தேதி ஈரோட்டிலே தாய்வழிப் பாட்டனார் இல்லத்திற் பிறந்தார். வளர்ந்தது கும்பகோணத்தில், சாரங்கபாணி சந்நிதித் தெருவில். தந்தை சீனிவாச ஐயங்கார் ஒரு துணிக்கடையிற் கணக்கெழுதினார். வீட்டிற்கு அச்சாணியாக இருந்தவர் தாய் கோமளத்தம்மாள். கோயிலிலே பஜனை பாடிச் சிறு வருவாய் தேடியவர். கல்லூரி மாணவர் சிலரை வீட்டிலே வைத்து உணவளித்தவர். அந்த மாணவர்களே மகனுக்கு முதற் கணித ஆசிரியர்கள் எனலாம். அவர்களிடம் இரவல் வாங்கிய லோனி என்பாரது திரிகோணகணித நூலைப் பதின்மூன்று வயதுக்குள் அவர் முடித்துவிட்டார்.

பள்ளிக்கூடத்திலே அவர் கேட்ட ஒரு கேள்வி ஆசிரியர்களிடையே வழிவழியாகச் சொல்லப்பட்டு வருகிறது. எந்த எண்ணையும் அதே எண்ணால் வகுத்தால் ஒன்று வரும் என்று ஆசிரியர் விளக்கிக்கொண்டிருந்தார். மூன்று பழத்தை மூன்று பேருக்குப் பகிர்ந்தால் ஆளுக்கு ஒன்று. அப்படியாயின் சுழியத்தைச் சுழியத்தால் வகுத்தாலும் ஒன்றுதானா, பழமே இல்லாமல் ஆளே இல்லாமல் பகிர்ந்தால் ஆளுக்கு ஒரு பழம் கிடைக்குமா என்று சிறுவன் எழுந்து கேட்டானாம். கதை நடந்ததோ, பின்னர் புனைந்ததோ, கேள்வி நல்ல கேள்வி. அதைக் கேட்டு எரிச்சலடையாத ஆசிரியர் பாக்கியசாலி.

1903ஆம் ஆண்டில் அவர் கைக்கு வந்து சேர்ந்த ஒரு நூல் அவரை ஆக்கியது. ஒருவகையில் அவரைக் கெடுத்ததும் அதுவே. கார் என்பவர் இலண்டனிலே மாணவர்களைப் பரீட்சைக்கு ஆயத்தஞ் செய்து பிழைத்தவர். அவர் தொகுத்த அந்நூலில் ஏறக்குறைய 5000 தேற்றங்கள் வரிசையாக நிற்கும். நிறுவல் என்பது பெரும்பாலும் ஒரு சிறு குறிப்பாகவே இருக்கும், பல இடத்தில் அதுவும் இராது. பரீட்சைக்குப் போகும் மாணவனுக்கு அது நினைவூட்டும் பட்டியல். பதினாறு வயதுப் பையன் இராமானுஜனுக்கோ அது ஐயாயிரம் புதிர்கள் கொண்ட பெருங் களஞ்சியம். ஒவ்வொன்றையும் தாமே கண்டுபிடிக்க முனைந்தார். கண்டுபிடித்தவற்றின் வழியே நூலில் இல்லாதவற்றையும் கண்டார். கணிதம் என்பது விடைகளின் வரிசை என்ற எண்ணமும் அந்நூலிலிருந்தே அவர் மனத்திற் குடியேறியது. கடதாசி வாங்கப் பணமில்லை. சிலேற்றிலே கணித்து, முழங்கையால் அழித்து, முடிவை மட்டும் குறிப்பேட்டில் எழுதினார். வழி அழிந்தது, ஊர் நின்றது. அந்த முழங்கை அழித்தவற்றை மீட்டெடுக்க இருபதாம் நூற்றாண்டின் கணிதப் பேராசிரியர்கள் பலர் தம் ஆயுளைச் செலவிட்டார்கள்.

1904இல் பள்ளி இறுதியிலே கணிதப் பரிசு கிடைத்தது. முழுப் புள்ளிக்கு மேலும் கொடுக்கத் தக்க மாணவன் இவன் என்று தலைமையாசிரியர் மேடையிலே கூறினார். கும்பகோணம் அரசினர் கல்லூரியில் உதவிப் பணமும் கிடைத்தது. அதற்குப்பின் நடந்தது பரீட்சை முறையை நம்பும் நம்மைப் போன்றோர் சற்று நின்று எண்ணவேண்டியது. ஆங்கிலக் கட்டுரையிலே தவறினார். உதவிப் பணம் போயிற்று. 1905இல் வீட்டாருக்குச் சொல்லாமல் விசாகப்பட்டினத்துக்கு ஓடினார். 1906இல் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியிற் சேர்ந்தார். உடற்றொழிலியல் முதலிய பாடங்களிலே வீழ்ந்தார். 1907இல் மறுபடியும் எழுதினார், மறுபடியும் தவறினார். ஒரு கல்லூரிப் படியைத் தாண்ட முடியாதவர் என்று இரண்டு கல்லூரிகள் முடிவு செய்தன. இருபது வயதில் கையிலே பட்டமில்லை, தொழிலில்லை. இரண்டு பெரிய குறிப்பேடுகள் இருந்தன. அவற்றை வாசிக்கத் தெரிந்தவர் அன்று தென்னிந்தியாவில் எவருமில்லை என்றே சொல்லலாம்.

1909 ஜூலையில் தாயார் அவருக்கு மணம் முடித்து வைத்தார். மணமகள் கரூரை அடுத்த இராசேந்திரம் என்ற ஊரைச் சேர்ந்த ஜானகி. அப்போது அவருக்குப் பத்து வயது. அக்கால வழக்கப்படி பெண் சில ஆண்டுகள் தாய் வீட்டிலேயே இருந்தாள். மணமான பின் பிழைப்பைத் தேடாமலிருக்க முடியாது. குறிப்பேடுகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வீடு வீடாகப் புறப்பட்டார்.

திருக்கோவலூரில் அப்போது உதவிக் கலெக்டராக இருந்தவர் வி. இராமசுவாமி ஐயர். 1907இல் இந்தியக் கணிதக் கழகத்தை நிறுவியவர் அவரே. இராமானுஜன் கேட்டது அவர் காரியாலயத்திலே ஓர் எழுத்தர் வேலை. குறிப்பேட்டைப் புரட்டிய ஐயர், வருவாய்த்துறையின் அடிப்படியிலே இந்த மனிதனைக் கட்டிவைத்து மூச்சடைக்கச் செய்யத் தமக்கு மனம் வரவில்லையென்று, வேலை கொடுக்காமல், சென்னை நண்பர்களுக்குக் கடிதம் கொடுத்து அனுப்பினார். வேலை கொடாமையால் ஒருவர் செய்த பேருபகாரம் இது. அவ்வழியாக நெல்லூர்க் கலெக்டர் இராமச்சந்திர ராவ் அறிமுகமானார். அவர் முதலில் ஐயுற்றார். பேசப் பேச நம்பினார். மாதம் 25 ரூபா தம் கையிலிருந்தே கொடுத்தார். பிறர் காசில் நெடுங்காலம் உண்ண இராமானுஜனுக்கு மனம் ஒப்பவில்லை. 1912 மார்ச் முதலாந் தேதி சென்னைத் துறைமுகப் பொறுப்புக் கழகத்திலே 30 ரூபாச் சம்பளத்தில் எழுத்தரானார். அங்கே தலைமைக் கணக்கராக இருந்த நாராயண ஐயர் தாமும் கணிதம் வல்லவர். மாலை வேளைகளில் இருவரும் சிலேற்றும் கையுமாக அமர்வார்கள். தலைவர் சேர் பிரான்சிஸ் ஸ்பிறிங் என்ற பொறியியலாளரும் ஆதரவு காட்டினார்.

இதற்கிடையே, 1911இல், கணிதக் கழகத்தின் சஞ்சிகையில் அவர் வாசகருக்கு ஒரு வினா விடுத்தார். அதை இங்கே விரித்துரைப்பதற்குக் காரணம் உண்டு. அவர் பலமும் பலவீனமும் அந்த ஒரு வினாவிலே தெரியும். வர்க்கமூலத்துக்குள் வர்க்கமூலம், அதற்குள் இன்னொன்று என முடிவின்றிச் செல்லும் ஒரு கோவை. வெளியே 1உம், அதனோடு உள்மூலத்தின் 2 மடங்கும். உள்ளே 1உம், அதற்கும் உள்ளே உள்ள மூலத்தின் 3 மடங்கும். பின் 4 மடங்கு, 5 மடங்கு என்று தொடரும். இதன் பெறுமானம் யாது? மூன்று இதழ் காத்திருந்தும் எவரும் விடையனுப்பவில்லை. அவரே விடை தந்தார்: 3. வழி மிக எளிது. 3 என்பது 9இன் வர்க்கமூலம்; 9 என்பது 1உடன் 2×4. அந்த 4 என்பது 16இன் வர்க்கமூலம். 16 என்பது 1உடன் 3×5. அந்த 5 என்பது 25இன் வர்க்கமூலம்; 25 என்பது 1உடன் 4×6. இப்படியே போகலாம். வகுப்பிலே கரும்பலகையில் எழுதிக் காட்டினால் கடைசி வாங்கில் இருப்பவனும் நிமிர்ந்து உட்காருவான்.

ஆனால் கூர்மையான மாணவன் ஒருவன் இவ்வாறு மறுக்கக்கூடும். 4 என்பதும் 16இன் வர்க்கமூலமே. 16 என்பது 1உடன் 2×7.5. அந்த 7.5ஐயும் அப்படியே ஒரு வர்க்கமூலமாக எழுதி, மேலும் மேலும் உள்ளே போகலாமே. அவ்வாறாயின் விடை 4 என்றும் ஆகாதோ? ஆகாது. ஏன் ஆகாது என்பதற்கு, எங்கோ ஓரிடத்தில் கோவையை வெட்டினால் உள்ளே எஞ்சும் எண் எத்துணை வேகமாகப் பெருகுகிறது என்று ஆராய வேண்டும். முதற் கணிப்பில் எஞ்சுவது 4, 5, 6 என நடந்து செல்கிறது, இரண்டாவதிலோ 7.5, பின் 18க்கு மேல், பின் 84க்கு மேல் எனப் பாய்ந்து செல்கிறது. அப்பாய்ச்சலே அதனைத் தகுதியற்றதாக்குகிறது. இந்த ஆராய்ச்சிதான் ஐரோப்பியர் நிறுவல் என்று சொல்வது. இராமானுஜன் அதைச் செய்யவில்லை. விடை 3 என்பது அவருக்குத் தெரிந்தது. தெரிந்ததைத் தெரிந்தது என்று எழுதினார்.

இலண்டன் பேராசிரியர் ஹில் என்பார் 1912இன் இறுதியில் அவர் ஆக்கங்களைப் பார்த்து, முடிவிலித் தொடர்களின் பள்ளங்களிலே இந்த இளைஞர் விழுந்திருக்கிறார் என்று கருத்துரைத்தார். ஒன்றும் இரண்டும் மூன்றும் நான்கும் என்று முடிவின்றிக் கூட்டிக்கொண்டே போனால் கழித்தல் பன்னிரண்டிலொன்று வரும் என்று எழுதியிருந்த ஒருவரைப் பற்றி வேறு என்ன நினைப்பது? அதற்கும் ஒரு நேர்மையான பொருள் உண்டு. ஐரோப்பிய மேதை ரீமான் அதனை அறிந்திருந்தார். சென்னை எழுத்தர் ரீமானை அறியாமலே அவ்விடத்துக்கு வந்திருந்தார்.

கேம்பிரிட்ஜில் இரண்டு பேராசிரியர்களுக்கு எழுதிப் பயனில்லாதபின், 1913 ஜனவரி 16ஆந் தேதி திரினிற்றிக் கல்லூரியின் ஹார்டி என்பவருக்குக் கடிதம் போயிற்று. துறைமுகக் கணக்கு எழுத்தர், ஆண்டுக்கு 20 பவுண் சம்பளம், வயது ஏறத்தாழ 23 என்று தம்மை அறிமுகஞ் செய்தார். உண்மையில் வயது 25. அதனோடு நூற்றுக்கு மேற்பட்ட முடிவுகள் நிறுவலின்றி இணைக்கப்பட்டிருந்தன. முதலில் மோசடி என்று ஹார்டிக்குத் தோன்றியது. அன்றிரவு தோழர் லிற்றில்வுட்டுடன் அமர்ந்து பார்த்தார். சில தேற்றங்கள் முன்பே அறியப்பட்டவை. சில கடினமாயினும் நிறுவக்கூடியவை. சில அவர்கள் கனவிலும் காணாதவை. பொய்யாக இவற்றைப் புனைவதற்கு வேண்டிய கற்பனை எந்த மோசக்காரனுக்கும் இராது, ஆகவே இவை மெய்யாகவே இருக்கவேண்டும் என்று நள்ளிரவுக்குள் துணிந்தார்கள். எல்லாம் மெய்யன்று என்பதும் பின்னர் தெரிந்தது. முதன்மை எண்கள் எவ்வளவு அடர்த்தியாக வருகின்றன என்பது பற்றி அவர் எழுதியிருந்தவற்றில் பெரும் பிழை இருந்தது.

ஹார்டி அழைத்தார். சென்னைப் பல்கலைக்கழகம் மாதம் 75 ரூபா ஆராய்ச்சி உதவி அளிக்க முன்வந்தது. பட்டமில்லாத ஒருவருக்குப் பல்கலைக்கழகம் அப்படி அளித்தது சிறிய செய்தியன்று. ஆயினும் கடல்? வைணவ அந்தணக் குடும்பம். கடல் கடந்தவனுக்குப் பந்தியில் இடமில்லை, நன்மை தீமைகளில் இடமில்லை. இராமானுஜன் மறுத்தார். ஓராண்டு கழிந்தது. 1914 தொடக்கத்தில் சென்னைக்கு விரிவுரையாற்ற வந்த நெவில் என்ற இளம் பேராசிரியர் மீண்டும் கேட்டபோது மனம் மாறியிருந்தது. குலதெய்வமாகிய நாமக்கல் நாமகிரித் தாயார் கனவிலே தோன்றி மகனைத் தடுக்கவேண்டாமென்று அன்னைக்கு ஆணையிட்டாளென்பது குடும்பத்தார் சொன்ன காரணம். தாயும் மகனும் விரும்பியதைத் தெய்வமும் விரும்பியது என்று நாம் மகிழலாம். ஜானகி தாமும் உடன் வரலாமா என்று கேட்டார். அது ஒப்புக்கொள்ளப்படவில்லை. அவருக்குக் கனவு காண்பதற்கு எவருமில்லை.

குடுமி வெட்டப்பட்டது; கோட்டும் காலணியும் அணிவிக்கப்பட்டன. 1914 மார்ச் 17ஆந் தேதி நெவாசா என்ற கப்பல் சென்னையிலிருந்து புறப்பட்டு, நம் கொழும்புத் துறையைத் தொட்டு, ஏடன், சூயஸ் வழியாக மேற்கே சென்றது. தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே புகைக்கப்பல் ஓடத் தொடங்கிய ஆண்டும் அதுவே. அக்காலத்தில் ஈழத்திலும் கணிதம் உறங்கவில்லை. காரைநகரிலே பிறந்த அலன் ஆபிரகாம் வட்டுக்கோட்டை யாழ்ப்பாணக் கல்லூரியில் கணிதமும் வானியலும் கற்பித்துக்கொண்டிருந்தார். 1910இல் தோன்றிய ஹலியின் வால்வெள்ளியை ஆராய்ந்து இலண்டன் வானியற் கழகத்தின் மதிப்பைப் பெற்றவர் அவர். கப்பலில் சென்ற எழுத்தருக்கும் கரையில் நின்ற ஆசிரியருக்கும் ஒருவரையொருவர் தெரிந்திருக்க நியாயமில்லை. தெரிந்திருந்தால் பேசுவதற்கு நிறைய இருந்திருக்கும்.

ஏப்பிரிலில் இலண்டனை அடைந்தார். ஆகஸ்டில் முதல் உலகப் போர் மூண்டது. லிற்றில்வுட் படைப்பணிக்குப் போனார்; கல்லூரி முற்றம் மருத்துவமனையாயிற்று; காய்கறி அரிதாயிற்று. தம் அறையிலே தாமே சமைத்த சைவ உணவையன்றி அவர் வேறு உண்ணவில்லை. கணிப்பிலே மூழ்கிவிட்டால் ஒரு நாளைக்கு ஒரு முறை, சில சமயம் நடுச்சாமத்தில், அடுப்பை மூட்டுவார். குளிரினால் உறக்கமில்லை என்று அவர் முறையிட்டபோது, வங்காளத்து நண்பர் மகலனோபிஸ் படுக்கையறைக்குட் சென்று பார்த்தார். கம்பளிகள் மெத்தையின்மேல் ஒழுங்காக மடித்துச் செருகப்பட்டிருந்தன. மேலே ஒரு மேலங்கியைப் போர்த்தி இராமானுஜன் படுத்திருந்தார். கம்பளிகளுக்கு உள்ளே புகுந்து படுக்கவேண்டும் என்பதை அதுகாறும் எவரும் அவருக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை.

அந்த நண்பரே ஒரு நாள் சஞ்சிகையொன்றில் வந்த புதிரை வாசித்தார். ஒரு தெருவிலே வீடுகள் 1, 2, 3 என எண்ணிடப்பட்டுள்ளன. ஒரு வீட்டுக்கு இடப்புறமுள்ள எண்களின் கூட்டுத்தொகையும் வலப்புறமுள்ளவற்றின் கூட்டுத்தொகையும் சமம். தெருவில் வீடுகள் ஐம்பதுக்கு மேல், ஐந்நூறுக்குள். வீட்டு எண் என்ன? மகலனோபிஸ் சற்று முயன்று விடை கண்டிருந்தார்: 288 வீடுகளுள் 204ஆம் வீடு. இராமானுஜன் அடுப்பிலே காய்கறியைக் கிளறியபடியே ஒரு தொடர்பின்னத்தைச் சொன்னார். அதன் முதல் உறுப்பு இப்புதிருக்கு விடை. அடுத்தடுத்த உறுப்புகள், தெரு நீள நீள, இதே புதிருக்கு வரும் ஏனைய விடைகள் எல்லாம். எல்லை எதுவும் விதிக்காவிட்டால் 8 வீடுகளில் 6ஆவது, 49 வீடுகளில் 35ஆவது என்று சிறு தெருக்களிலும் அமையும். வாசகர் கூட்டிப் பார்க்கலாம். ஒரு வினாவை விடுவிப்பவர் பலர். வினாவைக் கேட்டவுடன் அது எந்தக் குடும்பத்துப் பிள்ளை என்று சொல்பவர் அரியர்.

ஹார்டியும் இராமானுஜனும் சேர்ந்து செய்தவற்றுள் தலையாயது பிரிவினை பற்றியது. 4 என்ற எண்ணை 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1 என ஐந்து விதமாகப் பிரிக்கலாம். 10 என்றால் 42 விதம். 200 என்றால்? மக்மகோன் என்ற படைத்துறை அதிகாரி பொறுமையாகக் கையாற் கணித்து 3,972,999,029,388 என்று கண்டார். ஹார்டி, இராமானுஜன் இருவரும் ஒரு சூத்திரம் கண்டார்கள். அதன் எட்டு உறுப்புகளைக் கூட்டியபோது அதே பதின்மூன்று இலக்க எண்ணும், மிகையாக .004உம் வந்தன. இவ்வளவு நெருங்கி வருமென்று நம்பத் துணிந்தவர் இராமானுஜன். அது ஏன் வருகிறது என்பதைக் கட்டி நிறுத்தியவர் ஹார்டி. ஒருவர் இன்றி மற்றவர் செய்திருக்க முடியாத காரியம். 1918இல் அது வெளிவந்தது.

மக்மகோனின் அட்டவணையை வெறுமனே பார்த்துக்கொண்டிருந்தே இன்னொன்றையும் கண்டார். 4, 9, 14, 19, 24 என ஐந்தைந்தாகச் செல்லும் எண்களின் பிரிவினைகள் 5, 30, 135, 490, 1575. எல்லாம் ஐந்தால் வகுபடும். ஏழுக்கும் பதினொன்றுக்கும் இதுபோன்ற ஒழுங்குகள் உண்டு. அட்டவணை பலர் கையிலும் இருந்தது. கடைசி இலக்கம் எப்போதும் 0 அல்லது 5 என்பது கண்ணில் பட்டது ஒருவருக்கே. அவர் தேற்றங்களில் எனக்கு மிக உவப்பானது இதுதான். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கும் சொல்லிக் காட்டலாம்.

விருந்தோம்பலிலே பிள்ளை மனம் அவருக்கு. ஒரு நாள் இந்திய நண்பர் சிலரை அழைத்துத் தாம் வைத்த இரசத்தைப் பரிமாறினார். இரண்டாம் முறையும் வாங்கியுண்டார்கள். மூன்றாம் முறை வேண்டாமென்றதும் அவரைக் காணவில்லை. நாலைந்து நாள் கழித்து ஒக்ஸ்போர்டிலிருந்து பணம் வேண்டித் தந்தி வந்தது. மனம் நொந்து புகைவண்டியேறிப் போய்விட்டாராம். இதைச் சொல்லிச் சிரிப்பவர் உண்டு. எனக்குச் சிரிப்பு வரவில்லை. வீட்டிலிருந்து வந்த கடிதங்களில் மனைவியின் கடிதம் இல்லை. ஜானகி எழுதியவற்றை மாமியார் அனுப்பவில்லை. கணவன் எழுதியவற்றைக் கொடுக்கவுமில்லை. இரு கரையிலும் இருவர், மற்றவர் தம்மை மறந்துவிட்டார் என்று எண்ணியபடி இருந்தார்கள்.

1917இல் நோய் கண்டது. சயரோகம் என்று வைத்தியர் கருதினர். குளிர்ந்த காற்றாடும் ஆரோக்கிய மனைகளில் மாறி மாறி வைத்தனர். பிற்கால ஆய்வாளர் ஒருவர் மருத்துவக் குறிப்புகளை ஆராய்ந்து, அது பெரும்பாலும் ஈரலைப் பற்றிய அமீபா நோயாகவே இருந்திருக்கவேண்டும் என்று 1994இல் எழுதினார். அவ்வாறாயின் அன்றும் குணப்படுத்தக்கூடியதே. 1918 தொடக்கத்தில் இலண்டன் நிலக்கீழ்ப் புகைவண்டியின் முன் பாய்ந்தார். வண்டி சில அடி தூரத்தில் நின்றது. ஹார்டி வந்து காவலரிடமிருந்து மீட்டார். சில வாரங்களுக்குள் அரச கழகத்தின் அங்கத்துவம், எப்.ஆர்.எஸ்., வந்தது, ஒக்ரோபரிலே திரினிற்றிக் கல்லூரியின் ஆய்வாளர் பதவியும் வந்தது. இந்தியருள் அப்பதவிக்கு அவரே முதல்வர். புட்னியில் நோயாளியாகக் கிடந்தபோது ஹார்டி ஏறி வந்த வாடகை வண்டியின் எண் 1729 என்ற கதையைப் பள்ளிப் பிள்ளைகளும் அறிவர். இரு கனங்களின் கூட்டாக இரு விதமாக வரும் எண்களிற் சிறியது அது. அறியாதது ஒன்றுண்டு. அது அந்த நொடியில் உதித்ததன்று. 9இன் கனமும் 10இன் கனமும் சேர்ந்தால் 12இன் கனத்தை ஒன்றால் மட்டும் மிஞ்சும் என்பது பல்லாண்டுகளுக்கு முன்பே அவர் குறிப்பேட்டில் இருந்தது.

கணித அறிஞருக்குப் புள்ளியிடுவது ஹார்டியின் ஒரு விளையாட்டு. தமக்கு 25, லிற்றில்வுட்டுக்கு 30, ஜெர்மானிய மேதை ஹில்பெட்டுக்கு 80, இராமானுஜனுக்கு 100. இரண்டு கல்லூரிகளிலே தேறாத மாணவன் பெற்ற புள்ளி இது.

1919இல் ஊர் திரும்பு முன்னர், சென்னைப் பல்கலைக்கழகம் ஆண்டுக்கு 250 பவுண் தர இசைந்தது. அதற்கு அவர் எழுதிய மறுமொழியில், பெற்றோருக்கு 50 பவுணும், தம் தேவைக்கு வேண்டியதும் போக எஞ்சியதை ஏழைப் பிள்ளைகளுக்கும் அநாதைகளுக்கும் பள்ளிக் கட்டணமாகவும் நூல்களாகவும் செலவிடக் கோரினார். கார் நூலை இரவல் வாங்கியவர் எழுதிய கடிதம் அது. பம்பாயிலே கப்பலால் இறங்கியபோது தாயும் தம்பியும் நின்றார்கள். அவர் முதலிற் கேட்டது ஜானகி எங்கே என்பது. அழைத்து வரப்படவில்லை.

சென்னையிலே ஜானகி வந்து சேர்ந்தார். பத்து வயதில் மணந்த கணவனோடு அவர் உண்மையாக வாழ்ந்தது அந்த ஓராண்டே. அதுவும் கொடுமுடி, கும்பகோணம், மீண்டும் சென்னை என்று நோயாளியைத் தூக்கித் திரிந்த ஓராண்டு. வலி மிகும்போது வெந்நீரில் துணியை நனைத்து ஒற்றடம் கொடுப்பார். சற்றுத் தணிந்ததும் அவர் கேட்பது கடதாசி. 1920 ஜனவரியில் ஹார்டிக்கு எழுதிய இறுதிக் கடிதத்திலே போலித் தீற்றாச் சார்புகள் என்ற முற்றிலும் புதிய இனமொன்றை அறிவித்தார். அவை உண்மையில் எவை என்பது 2002இலேதான் ஒரு டச்சு நாட்டு இளைஞரால் தெளிவாயிற்று. 1920 ஏப்பிரில் 26ஆந் தேதி காலை, சேத்துப்பட்டு இல்லத்தில், 32ஆம் வயதில் உயிர் பிரிந்தது.

கடல் கடந்தவருக்கு இராமேஸ்வரத்திலே பிராயச்சித்தம் செய்விக்கவேண்டும் என்று திரும்பி வந்த நாள் முதலே பேச்சு. உடல் இடங்கொடுக்கவில்லை. ஆகவே அன்று உறவினரில் ஆசாரம் மிக்கோர் பலர் சாவீட்டுக்கு வரவில்லை. சடங்கிற்கு ஏற்பாடு செய்தவர் பழைய கலெக்டர் இராமச்சந்திர ராவ்.

இறுதி ஆண்டில் எழுதிய தாள்கள் சென்னைப் பல்கலைக்கழகம் வழியாக 1923இல் ஹார்டியிடம் போயின. பின்னர் வட்ஸன் என்ற பேராசிரியரின் வீட்டிலே பிற கடதாசிகளுக்கு அடியிற் கிடந்தன. அவர் மறைவின் பின் திரினிற்றிக் கல்லூரி நூலகத்தை அடைந்தன. 1976இல் அமெரிக்கப் பேராசிரியர் அண்ட்றூஸ் வேறெதையோ தேடிப் பெட்டியைத் திறந்தபோது, நூற்றுக்கு மேற்பட்ட தாள்களும் அறுநூறுக்கு மேற்பட்ட சூத்திரங்களும் வெளிவந்தன. உலகக் கணிதச் சஞ்சிகைகள் அதனை இழந்த குறிப்பேடு என்று அழைத்தன. அத்தாள்களைப் படுக்கையருகே எடுத்துக் கொடுத்தவர் அவ்வாண்டில் உயிரோடிருந்தார். திருவல்லிக்கேணியிலே, சிறு ஓய்வூதியமும் தையல் வேலையுமாகப் பல்லாண்டு வாழ்ந்து, பெற்றோரை இழந்த சிறுவன் ஒருவனை வளர்த்து ஆளாக்கியிருந்தார். கணவருக்குச் சிலை வைப்பதாகச் சொன்னார்களே, எங்கே என்று அவர் கேட்டது செய்தித்தாளில் வந்தது. பல நாட்டுக் கணிதர் பணம் சேர்த்து, அமெரிக்கச் சிற்பியைக் கொண்டு வெண்கலத்தில் வார்ப்பித்த மார்பளவுச் சிலை 1980களின் நடுவில் அவர் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. 1994 ஏப்பிரில் 13ஆந் தேதி, 95ஆம் வயதில், ஜானகி அம்மாள் காலமானார்.